கல் நடந்த தூரம்

"விட்றாதீங்க, அப்படியே புடிச்சுக்கங்க, தாசில்தார் லைன்ல வந்துட்டாரு!" என்று கிணற்று மேட்டிலிருந்து சர்வேயர் ஜெசிந்தா கத்தியதில் பாதியை ஆடிக் காற்று அடித்துக்கொண்டு போய்விட்டது, மீதியைக் கோகிலவாணி அந்தப் பெண்ணின் கையசைவிலிருந்து எடுத்துக்கொண்டாள், விடாதே, அசையாதே, விட்டால் மறுபடி முதலிலிருந்து. அவள் விடவில்லை. கிழக்கு வேலியோரத்து எல்லைக்கல்லின் முன்னால் குத்தவைத்து, டேப்பின் இரும்பு வளையத்தைக் கல்லின் தலையோடு கட்டைவிரலால் அழுத்திப் பிடித்தபடி இருந்தாள். அவள் விரலடியில் புறப்பட்ட மஞ்சள் டேப், அறுத்து முடித்த சோளத்தட்டைகளுக்கு மேலாக, காட்டுக்குள் தனியாக நின்ற ஒற்றைக் கிளுவை மரத்தை உரசியும் உரசாமலும் தாண்டி, மேற்கே கிணற்று மேட்டில் அண்ணன் நாச்சிமுத்துவின் கையில் போய் முடிந்தது. ஒரு வருஷத்துக்கு மேல் ஒருவரோடொருவர் பேசாத இரண்டு பேர் ஆளுக்கொரு முனையைப் பிடித்திருந்தார்கள். அது சர்வேயரின் ஏற்பாடு. "டேப் புடிக்க எங்க ஆளு எதுக்குங்க? சண்டை போடற பார்ட்டிங்கதான் புடிக்கணும், அது என் ரூல்" என்று காலையில் தொப்பியைச் சரிசெய்துகொண்டே சொல்லியிருந்தாள். "நீங்களே புடிச்சு நீங்களே அளந்துட்டா நாளைக்கு ஒருத்தரும் என்னைக் கோர்ட்டுக்கு இழுக்க முடியாதுல்ல?" சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். ரோடு போட்டபோது மேற்குக் கல் தாருக்கடியில் போய்விட்டது, அக்கம்பக்கத்துக் காடுகளிலும் கல் தேறவில்லை, மிச்சம் இருப்பது இந்தக் கிழக்குக் கல் ஒன்றுதான், இதை வைத்துத்தான் ஆரம்பிக்க வேண்டும், எல்லோருக்கும் சம்மதமா என்று கேட்டாள். அண்ணன் தலையாட்டினான். பக்கத்துக் காட்டுக் கருணாகரனும் தலையாட்டினார். கோகிலவாணியும் சம்மதம் என்றுதான் சொன்னாள், கல் என்றால் கல்தானே, அதில் சம்மதிக்க என்ன இருக்கிறது. "அப்ப நீங்க கல்லை விட்டு அசையக் கூடாதுங்கக்கா. நீங்க எவ்வளவு நகர்றீங்களோ அவ்வளவு, நடுவுல நடப்போற கல்லும் நகரும்." வரைபடத்தில் இருக்கும் நீளத்தில் பாதியை அவள் விரலிலிருந்து அளந்து, அது முடிகிற இடத்தில் ஜெசிந்தா ஒரு முளைக்குச்சியை லேசாகக் குத்தி நிறுத்தினாள். சுத்தியலை எடுத்தாள். அதற்குள் போன். குச்சி இன்னும் இறங்கவில்லை, ஆனால் எங்கே நிற்கிறது என்று இங்கிருந்தே தெரிந்தது. மோட்டார் மேடைக்கு இந்தப் பக்கம், ஒரு முழம் இந்தப் பக்கம். மேடை கோட்டுக்கு அந்தப் பக்கம் போய்விட்டது. மேடையோடு கிணறும்.

கிணறு போய்விட்டது. உள்ளுக்குள் சொல்லிப் பார்த்தாள், ஒன்றும் ஆகவில்லை. அப்பா விட்டுப்போன நிலத்தில் மேற்குப் பாதி அவனுக்கு, கிழக்குப் பாதி இவளுக்கு, மோட்டார் மேடை கோட்டுக்கு எந்தப் பக்கம் விழுகிறதோ கிணறு அந்தப் பக்கத்துக்காரருக்கு, இதுதான் சொந்தக்காரர்கள் கூடிப் பேசி முடித்தது. பொதுவாக வைத்துக்கொள்ளலாமே என்று அவள் கேட்டாள். "பொதுக் கெணத்துல தண்ணி வராதுங்க, சண்டைதான் வரும், அந்தம்மாவுக்கு இதெல்லாம் தெரியாது" என்று அண்ணன் அவளைப் பார்க்காமல், அவளுடைய தலைக்கு மேலே இருந்த காலண்டரைப் பார்த்துச் சொன்னான். எல்லோரும் சிரித்தார்கள். அந்தம்மா. பாப்பா என்று கூப்பிட்ட வாய். அந்தம்மா என்றதும் சிரிக்காமல் இருந்தது நங்கையா ஒருத்திதான், அண்ணன் பெண்டாட்டி, அவளும் சட்டென்று முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள், சிரித்தாளோ என்னவோ. இருபத்துச் சொச்சம் வருஷம் வடோதராவில் கம்பெனிக் குவார்ட்டர்ஸில் இருந்துவிட்டு, புருஷன் போன பிறகு குவார்ட்டர்ஸையும் விட்டுவிட்டு வந்தவளுக்கு என்ன தெரியும். குழாயைத் திருகினால் தண்ணீர் வரும் என்று தெரியும். அங்கே யாராவது ஊர் எது என்று கேட்டால் இந்தக் காட்டைத்தான் சொல்வாள், ஊர்ப் பேர் சொல்ல மாட்டாள், எங்களுக்கு ஒரு கிணறு இருக்கிறது என்று சொல்வாள், அவர்கள் மொழியில் சொல்லும்போது அது இன்னும் பெரிய கிணறாக இருந்தது. பெங்களூரில் மகள் வந்து இரு என்கிறாள். இருக்கலாம். மகள் வீட்டு சோபாவில் கால் நீட்டும்போதெல்லாம் மாப்பிள்ளையின் செருப்புச் சத்தம் கேட்கிறதா என்று காது வைத்துக்கொண்டு இருக்கலாம். கிழக்கு மூலையில் இரண்டே அறை, நாலு வரிசை முருங்கை, ஒரு எருமை, அதற்குமேல் அவள் எதுவும் கேட்கவில்லை. ஆனால் அந்த இரண்டு அறைக்குச் சுவர் எழுப்பவே தண்ணீர் வேண்டும். போர் போடலாம்தான். கருணாகரன் காட்டில் இரண்டு போர் போட்டார்கள், இரண்டும் மாவாகப் பறந்தது, மாவு போல வெள்ளைத் தூசி, இன்றைக்கும் அந்த இடத்தில் புல் முளைக்கவில்லை. விரல் மரத்தது. மாற்றிப் பிடிக்கலாமா, மாற்றினால் நகருமா, நகர்ந்தால் என்ன, இன்னும் என்ன போவதற்கு இருக்கிறது. கிணற்று மேட்டில் அண்ணன் அசையாமல் நின்றான். வெள்ளைச் சட்டை காற்றில் உப்பி அவனைக் குண்டாகக் காட்டியது. அவனும் பார்த்திருப்பான் குச்சி எங்கே நிற்கிறது என்று. சந்தோஷமாக இருக்கும். இருக்கட்டும், அந்தக் கிணற்றுக்கு அவன் விரல் கொடுத்திருக்கிறான். ஆழப்படுத்தும்போது கிரேன் கம்பிக்கும் உருளைக்கும் நடுவே வலது சுட்டுவிரல் போனது, அவளுக்கு வடோதராவில் போனில் சொன்னார்கள், "ஒண்ணுமில்ல, ஒரு வெரலு" என்று அவனே சொன்னான், அவள் அழுதாள், அவன் "கெணத்துல ஊத்துக் கண்ணு தெறந்துருச்சு பாப்பா, அதைக் கேளு மொதல்ல" என்றான். அந்தக் குரல் எங்கே போனது. அந்தக் குரலில் அவன் கேட்டிருந்தால் கிணற்றை நான் விட்டுக்கொடுத்திருப்பேனா. இல்லை, மாட்டேன். மாட்டேன் என்று நினைத்ததும் டேப் அவள் விரலடியில் சுண்டியது.

சுண்டியது என்று சொல்ல முடியாது. காற்றாக இருக்கலாம். இந்த நீளத்துக்கு இழுத்துப் பிடித்த டேப் காற்றில் நிற்காமல் பாடிக்கொண்டிருந்தது, தேனீக் கூட்டத்துக்குப் பக்கத்தில் காது வைத்த மாதிரி, அந்த அதிர்வு விரல் வழியாக முழங்கை வரை ஏறிக்கொண்டிருந்தது. அதற்குள் ஒரு சுண்டல் எது, ஒரு காற்று எது. "என்ன அம்மிணி, செலையாட்டம் உக்காந்துட்டீங்க?" என்று வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கருணாகரன் கேட்டார். பக்கத்து நிலத்துக்காரர் என்று நோட்டீஸ் போய் வந்திருந்தார், திருப்பூரில் பனியன் கம்பெனியில் செக்கிங் பார்த்து ஓய்ந்தவர், சட்டைப் பையில் வேகவைத்த நிலக்கடலை, உரித்து உரித்துத் தின்றுகொண்டிருந்தார். "அசையக் கூடாதுன்னுட்டாங்கண்ணா" என்றாள். "ஆடி மாசத்துல வந்து அளக்கறாங்க பாருங்க. கவர்மெண்டுக்கு ஆடியும் கெடையாது, அமாவாசையும் கெடையாது. அந்தப் புள்ள வேற கிறிஸ்டியன், அதுக்கு நம்ம ஆடியைப் பத்தி என்ன." கடலைத் தோலை ஊதினார், காற்று அதை அவருடைய முகத்திலேயே திருப்பி அடித்தது. "தூ. நல்ல நேரத்துக்குத்தான் வந்திருக்கேன். எங்கப்பன் மட்டும் இன்னைக்கு இருந்திருந்தா ஒரு கூத்து நடந்திருக்குமுங்க. உங்களுக்குத் தெரியாது, நீங்க வடக்க இருந்தீங்க. கடைசிக் காலத்துல அவருக்குக் கொஞ்சம் புத்தி பெசகிப் போச்சுங்க. இந்தக் கல்லு நடக்குதுடா, நடக்குதுடான்னு ஒரே பொலம்பல். திருப்பூர்லருந்து யாருக்குஞ் சொல்லாம பஸ்ஸேறி வந்து இங்க, நீங்க உக்காந்திருக்கீங்களே, அதே எடத்துல உக்காந்துக்குவாரு. காவலாமா! கல்லுக்குக் காவல்! நாங்க தேடிட்டு வந்து கையைப் புடிச்சு இழுத்துட்டுப் போகோணும். அப்பறம் கோயமுத்தூர் கூட்டிட்டுப் போய்க் காட்டி மாத்திரை வாங்கிக் குடுத்தோமுங்க. மாத்திரை போட்டதும் சும்மா தூக்கந்தான். அப்பறம் சாகற வரைக்கும் கல்லைப் பத்தி வாயே தெறக்கல." சிரித்தார், சிரிப்பில் கடலை ஒட்டியிருந்தது. "கல்லு நடக்குமுங்களா அம்மிணி, நீங்களே சொல்லுங்க?" நடக்காதுங்கண்ணா என்று அவள் சொன்னாள். சொல்லும்போதே நாக்கு எதையோ மிதித்தது.

எதை மிதித்தேன். தட்டைப்பயறு. காலடியில் தட்டைப்பயற்றுக் கொடி, பனியில் நனைந்தது, மிதித்ததும் நறுக்கென்று ஒடிந்தது, ஐயோ யாருடைய பயறு இது என்று பயந்தது. எப்போது. சின்னப் பிள்ளையில். கையில் கயிறு. கயிறு எதற்கு என்றால் முருங்கைக்குக் குழி எடுக்க, அய்யன் ஒரு பெரிய கயிறு வைத்திருந்தார், அப்பாவை அவர்கள் அய்யன் என்றுதான் கூப்பிடுவார்கள், கயிற்றின் ஒரு முனை அண்ணன் கையில், மறுமுனை இவள் கையில், நடுவில் அய்யன் கயிற்றைப் பிடித்துக்கொண்டு குழிக்கு அடையாளம் போட்டுக்கொண்டே போவார். காட்டுக்குள் கத்துவது அவருக்குப் பிடிக்காது. ஒரு சுண்டு சுண்டினால் சரி, அங்கேயே நில். இரண்டு சுண்டினால் முன்னால் வா. மூன்று சுண்டினால் பின்னால் போ. இவளுக்கு அது விளையாட்டு. அய்யன் தண்ணீர் குடிக்கப் போகிற நேரத்தில் அண்ணன் அந்தக் கோடியிலிருந்து சும்மா சுண்டிக்கொண்டே இருப்பான், முன்னால் வா பின்னால் போ முன்னால் வா, இவள் ஓடி ஓடி மூச்சு வாங்கிச் சிரிப்பாள். அது முருங்கை. முருங்கைக்குக் காட்டுக்குள்ளேதான் குழி எடுப்பார்கள், தட்டைப்பயறு எங்கிருந்து வந்தது, நாங்கள் பயறு போட்டதே இல்லையே. பயறு போட்டது அந்தப் பக்கத்துக்காரர்கள். கருணாகரனின் அப்பா. திருப்பூருக்குப் போகுமுன் கடைசியாகப் போட்டு, எடுக்க ஆள் இல்லாமல் விட்டுவிட்டுப் போன பயறு. அப்படியென்றால் நான் அந்தப் பக்கக் காட்டுக்குள் நின்றிருக்கிறேன், வேலிக்கு அந்தப் பக்கம். வேலி இல்லை. வேலியை வெட்டிப் போட்டிருந்தது. கிளுவைப் பால் வாசனை, பச்சை மாங்காயும் சாம்பிராணியும் கலந்த மாதிரி, காலை இன்னும் விடியவில்லை, அறுத்துப் போட்ட கிளுவைப் போத்துகள் குவியலாக, அய்யன் வேலி மாற்றிக் கட்டிக்கொண்டிருந்தார், கிளுவைக்கு என்ன, வெட்டி நட்ட இடத்தில் வேர் விடும். தெற்குக் கோடியில் அண்ணன், வடக்குக் கோடியில் இவள், நடுவில் அய்யன், கயிறு சுண்டியது, மூன்று. பின்னால் போ. இவள் பின்னால் போனாள், பயறு மிதிபட்டது. மறுபடி மூன்று. மறுபடி பின்னால். புதுப் போத்துகளை அந்தக் கயிற்று வரிசையில் நட்டார். அப்புறம் கடப்பாரைச் சத்தம். அப்புறம் அய்யன் எதையோ நெஞ்சோடு அணைத்துத் தூக்கிக்கொண்டு நடந்து வந்தார், தூங்கிப்போன பிள்ளையைத் தூக்கி வருகிற மாதிரி கால் அகட்டி, அது கல், பாதி வெளுத்தும் பாதி கறுத்தும் இருந்தது. "ஏன்டா இது பாதி கறுப்பா இருக்கு?" என்று அண்ணனைக் கேட்டாள். "அது மண்ணுக்குள்ள இருந்த பாதி" என்றான் அவன், பெரிய பையன், அவனுக்கு அப்போதே எல்லாம் தெரியும், அவன் முகம் அன்றைக்கு நன்றாக இல்லை. பழைய வேலியில் ஒரே ஒரு மரத்தை மட்டும் அய்யன் வெட்டவில்லை, ஏனென்றால் அதில் இவளுடைய ஆட்டுக்குட்டி கட்டியிருந்தது, வெட்ட வேண்டாம் என்று இவள் தரையில் விழுந்து அழுதாள், "சரி, கெடக்கட்டும் போ" என்றார். கிடக்கிறது. இதோ, கண்ணுக்கெதிரே, சோளத்தட்டைக்கு நடுவில், ஏன் இங்கே தனியாக நிற்கிறது என்று யாரும் கேட்காத மரம். அதன் அடியில் வலப்பக்கம் ஒரு குழிவு, மழை பெய்தால் அதில் கொஞ்சம் நேரம் தண்ணீர் நிற்கும். அங்கேதான் கல் இருந்தது.

இருந்ததா. கட்டைவிரல் நகம் வெளுத்துப் போயிருந்தது, அதைப் பார்த்தபடியே கேட்டுக்கொண்டாள், இருந்ததா, அல்லது இப்போது இருக்க வைக்கிறேனா. கிணறு போன உடனே கல் நடக்கிறதே. கல் அந்த மரத்தடிக்குப் போனால் நடுக்கோடும் அதே அளவு மேற்கே போகும், மோட்டார் மேடை இந்தப் பக்கம் வந்துவிடும், கிணறு எனக்கு. என்ன வசதியான ஞாபகம். இத்தனை வருஷம் இந்த ஞாபகம் எங்கே படுத்திருந்தது, வடோதராவில் ஒரு நாள் கூட வரவில்லை, காலையில் சம்மதம் என்று சொன்னபோது கூட வரவில்லை, குச்சி மேடைக்கு இந்தப் பக்கம் நின்றதும் வருகிறது. கருணாகரன் கதை சொன்னதால் வந்தது என்று சொல்லலாம். சொல்லலாம், யாரிடம். தண்ணீருக்காக அப்பனைத் திருடன் ஆக்கினாள் என்று ஊர் சொல்லும், வடக்கே போய் வந்தவள், அவளுக்கென்ன, திரும்பியும் போய்விடுவாள், இங்கே இருக்கிறவன் அல்லவா தலையைத் தூக்கி நடக்க வேண்டும் என்று சொல்லும். நங்கையா காலையில் மோர் கொண்டுவந்தாள், சர்வேயருக்கு ஒரு டம்ளர், ஒன்றும் பேசாமல் இவளுக்கும் ஒரு டம்ளர், மோரில் பெருங்காயம் தட்டிப் போட்டிருந்தாள், இவளுக்குப் பிடிக்கும் என்பது ஞாபகம் இருக்கிறது அவளுக்கு. அவளிடம் நாளைக்கு எந்த முகத்தோடு. அய்யனிடம். அய்யன் எங்கே இருக்கிறார், அய்யன் இல்லை. இருந்தால் என்ன செய்வார், ஒன்றும் சொல்ல மாட்டார், கயிற்றை ஒரு முறை சுண்டுவார், அங்கேயே நில். பேசாமல் நின்றால் என்ன. கல் இங்கே இருக்கிறது, சர்க்கார் கண்ணுக்கு இது கல், பட்டாவில் இதுதான் ஏறப்போகிறது, ஏறிவிட்டால் இதுவே உண்மை, கருணாகரனுக்கும் தெரியாது, அவருக்குத் துண்டு நிலம் போனது போனதுதான், நான் கிணறு இல்லாமல், அண்ணன் கிணற்றோடு, அய்யன் பேரோடு. எல்லாமே ஒழுங்காக இருக்கும். ஒரு கிழவரைத் தவிர. பஸ்ஸேறி வந்து இதே மண்ணில், இதே இடத்தில், கல்லுக்குக் காவலாக உட்கார்ந்திருந்த ஒரு மனுஷனைத் தவிர. டேப் சுண்டியது. இரண்டு முறை.

இது காற்று இல்லை. காற்றுக்கு இரண்டு வரை எண்ணத் தெரியாது. ஒன்று, ஒன்று, அப்புறம் பாட்டு மட்டும். கிணற்று மேட்டைப் பார்த்தாள். அண்ணன் இந்தப் பக்கம் பார்க்கவில்லை, மோட்டார் மேடையின் மேல் ஒரு காலைத் தூக்கி வைத்துக்கொண்டு தெற்கே எங்கேயோ பார்த்தான், போனில் பேசியபடி அவனுக்குப் பக்கத்தில் அங்குமிங்கும் நடந்துகொண்டிருந்தாள் ஜெசிந்தா. கை மாற்றியிருப்பான். விரல் இல்லாத கை, நேரம் ஆக ஆக வலிக்கும், இடது கைக்கு மாற்றியிருப்பான், மாற்றும்போது ஒரு முறை, பிடிக்கும்போது ஒரு முறை, இரண்டு. அவ்வளவுதான். மறுபடி இரண்டு. முன்னால் வா. முன்னால் வா பாப்பா. அவனுக்கு ஞாபகம் இருக்கிறது, இருக்காமல் எப்படி, அவன் பெரிய பையன், மண்ணுக்குள் இருந்த பாதி என்று சொன்னவன் அவன்தானே. அப்படியென்றால் ஏன் காலையில் சம்மதம் என்றான். வாய் இருக்கிறதே, சொல்ல வேண்டியதுதானே, ஏன் டேப்பில் சொல்கிறான். சொல்ல முடியாது அவனால். அய்யனுக்குக் கொள்ளி வைத்தவன், விசேஷத்தில் அய்யன் உட்கார்ந்த இடத்தில் உட்கார்கிறவன், அந்த வாயால் அவன் எப்படிச் சொல்வான், நீ சொல்லு என்கிறான், நீதான் போய்விட்டவள். அல்லது என்னைக் கல்லை விட்டு எழுப்பப் பார்க்கிறான். எழுந்தால் போச்சு, பாத்தீங்களா சர்வேயரம்மா, அந்தம்மா கல்லை விட்டு நகர்றாங்க, இப்படித்தான் ஏமாத்துவாங்க, எழுதுங்க அதை என்பான். அவனுக்கு அந்த அளவுக்குக் கெட்ட புத்தி உண்டா. ஒரு வருஷத்துக்கு முன்னால் கேட்டிருந்தால் இல்லை என்பேன். பங்கு வேண்டாம் என்கிற விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட மாட்டேன் என்று சொன்ன அன்றைக்கு அவன் முகம் மூடியதைப் பார்த்த பிறகு எதுவும் சொல்ல முடியாது, தங்கச்சிகள் போடுகிற கையெழுத்துத்தானே, எல்லோரும் போடுகிறார்கள், மஞ்சள் சீலை வாங்கிக்கொண்டு போட்டுவிட்டுப் போகிறார்கள், நீ மட்டும் ஏன். முகம் மூடியது, திறக்கவே இல்லை. பயம் வந்தால் அவளுக்கு வடக்கத்தி எண்கள் வரும், அங்கே காய்கறிக்காரனிடம் பேரம் பேசிப் பேசி வந்த பழக்கம், ஆனால் இந்த இரண்டு மட்டும் தமிழாகவே இருந்தது, ஒரு சுண்டு, இன்னொரு சுண்டு. அண்ணா, நீதானா. என்னை இழுக்கிறாயா, தள்ளுகிறாயா.

"சரிங்க சார், சரிங்க சார், மத்தியானத்துக்குள்ள முடிச்சர்றனுங்க சார்" என்று ஜெசிந்தா போனை இடுப்பில் செருகியது தெரிந்தது. சுத்தியலை எடுத்தாள். "அக்கா! கல்லு மேலதான இருக்கீங்க? நகரலைல்ல? அடிச்சரட்டுமா?" "அடிங்க அடிங்க, வெயில் ஏறுது" என்று வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கருணாகரனே பதில் சொன்னார், ஒரு கடலையை வாயில் போட்டுக்கொண்டு. சுத்தியல் உயர்ந்தது. அடித்துவிட்டால் அடித்ததுதான், அந்த இடத்தில் கல் வரும், கல் வந்தால் வேலி வரும், வேலிக்கு வேர் வரும். வேண்டாம் என்றோ இருங்கள் என்றோ கத்த வேண்டும், வாய் வரவில்லை, கைதான் வந்தது; டேப்பை ஒரே ஒரு முறை சுண்டினாள். சரி. எதற்குச் சரி என்று அவளுக்கே தெரியாது. கிணற்று மேட்டில் அண்ணன் சட்டென்று திரும்பினான். அந்தத் தூரத்தில் முகம் தெரியவில்லை, ஆனால் திரும்பினான், கை நீண்டு சுத்தியலுக்குக் குறுக்கே வந்து நின்றது. அவள் வளையத்தோடு எழுந்தாள். முழங்கால் இரண்டும் நெட்டி முறிந்தன, கால் மரத்துப்போய் முதல் எட்டு எங்கோ விழுந்தது, டேப் தொய்ந்து சோளத்தட்டைகளின் மேல் படுத்தது. "அக்கா! ஏனுங்கக்கா, எந்திரிச்சுட்டீங்க? சொன்னேன்ல!" அவள் நிற்காமல் நடந்தாள். எவ்வளவு கொஞ்ச தூரம். அய்யன் கல்லை அணைத்துக்கொண்டு எதிரே வருகிற மாதிரியே இருந்தது, அவருக்கு வழி விடுகிற மாதிரி ஒதுங்கி நடந்தாள். கிளுவை மரத்தடியில் குழிவு இருந்தது, அதில் உலர்ந்த ஆட்டுப் புழுக்கை இரண்டு கிடந்தன. குத்தவைத்து வளையத்தை அதன் நடுவில் வைத்து அழுத்தினாள். "கல்லு இங்கதானுங்க இருந்துச்சு" என்றாள். காற்றில் அது மரத்தைத் தாண்டவில்லை. காட்டுக்குள் அவள் கத்தியதே இல்லை. கத்தினாள். "கல்லு இங்க இருந்துச்சு! எங்கய்யன் புடுங்கிட்டுப் போய் அங்க நட்டாரு! நாங்க ரெண்டு பேருந்தான் கயிறு புடிச்சோம்!"

கருணாகரனின் கை சட்டைப் பைக்குள் போனது போனபடி நின்றது. ஜெசிந்தா தொப்பியைக் கழற்றிக் காற்றில் பறக்காமல் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள். "அக்கா, நானும் எத்தனையோ காட்டுல அளந்திருக்கேன்" என்று சத்தமாகச் சொன்னாள், குரலில் இப்போது சிரிப்பு இல்லை. "கெணறு கைக்கு வரலைன்னதும் கல்லு நகந்துச்சு, மரம் நகந்துச்சுன்னு எல்லாரும் சொல்லுவாங்க. காலைல சம்மதம்னீங்களே?" காலையில் எனக்குத் தெரியாது என்றால் யார் நம்புவார்கள், அவளே நம்பவில்லை. ஜெசிந்தா நாச்சிமுத்து பக்கம் திரும்பினாள். "அண்ணா, நீங்க சொல்லுங்க. கயிறு புடிச்சீங்களா? இவங்க சொல்றது நெசமா?" அண்ணன் மேடையிலிருந்து காலை இறக்கினான். கிணற்றை எட்டிப் பார்த்தான், தண்ணீர் எவ்வளவு நிற்கிறது என்று பார்க்கிற மாதிரி நிதானமாகப் பார்த்தான். இப்போது இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும் அவனுக்கு. ஒரு வார்த்தை கூட வேண்டாம், தலையை ஆட்டினால் போதும், கிணறு அவனுக்கு, அய்யன் பேர் அவனுக்கு, பொய் முழுக்க எனக்கு. அவள் வளையத்தை விடவில்லை, விரல் அவளுடையது இல்லை போல் இருந்தது. "நான் ஒண்ணுஞ் சொல்லலீங்க" என்று குரலை உயர்த்திச் சொன்னான் நாச்சிமுத்து. சொல்லிவிட்டு மூக்கைத் தேய்த்தான். "பாப்பா சொன்னா சரிங்க." "சரின்னா என்னங்க அர்த்தம்? மேடை அவங்க பக்கம் போயிருமுங்க. கெணறு போயிருமுங்க, தெரியுதுங்களா?" என்றாள் ஜெசிந்தா. அவன் தட்டைகளின் மேல் கிடந்த டேப்பைக் கையில் சுற்றி, பின்னால் காலெடுத்து வைத்து, இன்னொரு எட்டு வைத்து, மேடையைத் தாண்டி, இறுக்கினான். மஞ்சள் கோடு தரையிலிருந்து எழுந்து நின்றது. நான் சொல்லவில்லை, அவள் சொன்னாள். ஊரில் நாளைக்கு இப்படித்தான் பேச்சு இருக்கும், அவனே அப்படித்தான் சொல்லுவான், சொல்லட்டும். கிணறும் எனக்கு, சொன்ன வாயும் எனக்கு.

முதுகுக்குப் பின்னால் கிளுவை முள் சரசரத்தது. திரும்பிப் பார்த்தாள். வேலியை விலக்கிக்கொண்டு கருணாகரன் இந்தப் பக்கம் வந்திருந்தார், கை முழுக்க முள் கீறல், அது அவருக்குத் தெரிந்ததாகத் தெரியவில்லை. அவள் இவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்த இடத்தில், கல்லுக்கு முன்னால், மெதுவாகக் குத்தவைத்தார். பையிலிருந்து நழுவிய கடலைகள் மண்ணில் சிதறின. கல்லின் தலையைத் தொட்டார், காய்ச்சல் பார்க்கிற மாதிரி புறங்கையால். அவளைத் திட்டுவார் என்று தோன்றியது, அய்யனைத் திட்டுவார், திட்டட்டும், தன் நிலம் என்பார், கேட்கட்டும். "மாத்திரை குடுத்தோமுங்களே அம்மிணி" என்றார் கருணாகரன். "நாந்தான் எங்கப்பனை வாயைத் தெறக்கச் சொல்லிப் போட்டு உடுவேன்." கிணற்று மேட்டில் ஜெசிந்தா முளைக்குச்சியைப் பிடுங்கிக்கொண்டு மேற்கே நடந்தாள், மேடைக்கு அந்தப் பக்கம் போய்க் குனிந்தாள், டேப்பின் எண்ணைப் பார்க்க முகத்தைக் கிட்டே கொண்டுபோனாள், நிமிர்ந்தாள், மறுபடி குனிந்தாள். காற்று எப்போதோ நின்றுவிட்டிருந்தது. சோளத்தட்டை ஒன்று கூட அசையவில்லை. "படிக்கவே முடியலைங்க, நடுங்குது" என்று கத்தினாள் சர்வேயர். "ஆட்டாம புடிங்க! ரெண்டு பேருல யாருங்க ஆட்டறது?"